புற்றுக்கு ஊற்றிய டின் பால்

வெள்ளிக்கிழமை வந்தாலே எனக்குக் கால் அரிக்கத் தொடங்கிவிடும். புற்றுக்குப் போய் நிற்கவே வேண்டாம். வேலை முடிந்து பெக்டரி பஸ்ஸில் ஏறி உட்கார்ந்து, இன்றைக்கு வெள்ளிக்கிழமை என்று நினைத்தாலே போதும், கணுக்கால் தானாகச் சொறியச் சொல்லும். பக்கத்தில் உட்காருபவர்கள் எனக்கு ஏதோ தோல் வியாதி என்று நினைத்திருப்பார்கள். விளக்கம் சொல்லிக்கொண்டிருக்க எனக்குத் தெம்பில்லை.

நான் செரண்டாவில் பிறந்து வளர்ந்தவள். கல்யாணமாகி ஈஜோக் பக்கம், எண்ணெய்க்குச் செம்பனை போட்ட ஒரு தோட்டத்துக்கு வந்தேன். வேலைக்கு மட்டும் தினமும் செரண்டாவுக்கே திரும்பிப் போகிறேன், அங்குள்ள பெக்டரிக்கு. எங்கள் லயத்துக்கு, வரிசையாக ஒட்டிக் கட்டிய தோட்டத்து வீடுகளுக்குப் பின்னால், மரங்கள் ஆரம்பிக்கும் இடத்தில், ஒரு வயதான செம்பனையின் அடியில் அந்தப் புற்று இருக்கிறது. இடுப்பு உயரம். மேலே நாலு கம்பம் நட்டுத் தகரம் போட்டு, சுற்றிச் சிமெண்டுத் தரை பூசி, மஞ்சள் துணி கட்டிவிட்டால் அது நாகம்மா கோயில். பூசாரி கிடையாது. லயத்துப் பெண்கள்தான் எல்லாம்.

அந்தச் சிமெண்டுத் தரையில்தான் சுள்ளெறும்பு. பார்க்க ஒன்றுமில்லை, செம்மண் தூள் மாதிரி இருக்கும். ஏறும்போது தெரியவே தெரியாது. கணுக்கால்வரை சத்தமில்லாமல் வந்து சேர்ந்து, யாரோ விசில் அடித்துவிட்டதுபோல எல்லாம் ஒன்றாகக் கொட்டும். மறுநாள் ஒவ்வொரு கடியிலும் வெள்ளையாக ஒரு கொப்புளம் நிற்கும். சூடு பட்டதுபோல எரியும். எங்கள் பஸ்ஸில் அசாம் ஜாவாவிலிருந்து வரும் மலாய்க்கார அக்கா ஒருத்தி என் காலைப் பார்த்தவுடனேயே சொல்லிவிட்டாள், செமுட் அப்பி என்று. நெருப்பு எறும்பு. பெயர் வைத்தவனையும் கடித்திருக்கும்.

நான் காலை உதறினால் என் மாமியாருக்குப் பிடிக்காது. "ஒதறாத தாயி. அம்மன் சோதிக்கிறா" என்பார். என் கணவர் ஒருமுறை எறும்புப் பவுடர் வாங்கி வந்து தூவப் போனார். அத்தை அதைப் பிடுங்கி அடுப்படித் தொட்டிக்கு அடியில் ஒளித்து வைத்துவிட்டார். "சாமி வீட்டுல வெஷம் தூவுவியாடா?" என்று கேட்டார். என் கணவர் செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுபவர். நாளெல்லாம் ரோட்டில் சண்டை போட்டுவிட்டு வருவதால் வீட்டில் சண்டைக்கு ஆள் கிடையாது. "சரி லா, பார்க்கலாம் லா" என்று போய்விட்டார். பவுடர் டப்பா அங்கேயே கிடந்து துருப்பிடித்தது.

எறும்பு ஏன் அங்கே அப்படி மொய்த்தது என்று நாங்கள் யாருமே யோசிக்கவில்லை. அத்தை இங்கே வந்த காலத்தில் தோட்டத்தில் ஒருவர் மாடு வைத்திருந்தாராம். வெள்ளிக்கிழமை அவரிடம் பசும்பால் வாங்கிப் புற்றுக்கு ஊற்றுவார்களாம். அவர் மாடுகளை விற்றுவிட்டுப் போனபிறகு கடையில் கிடைத்தது டின் பால்தான். தேத்தண்ணிக்கு ஊற்றுகிறோமே, சீனி போட்டு இறுக்கிய பால், அதுதான். அதை வெந்நீரில் கட்டியில்லாமல் கலக்கி, ஆறவைத்து, சொம்பில் எடுத்துக்கொண்டு போய் ஊற்றுவோம். "பாலு பாலுதான்" என்பார் அத்தை. லயத்தில் எல்லா வீட்டிலும் அதே டின், அதே வெந்நீர். கூடவே ஒரு முட்டை, வாழைப்பழம், விசேஷ நாளென்றால் சர்க்கரைப் பொங்கல். தரையில் கால் வைத்தால் ஒட்டிக்கொண்டு வரும். நாகம்மா குடித்தாளோ இல்லையோ, எறும்பு வயிறாரக் குடித்தது.

ஊற்றியவுடன் அத்தை திரும்பிவிட மாட்டார். புற்றின் வாயைப் பார்த்தபடி நிற்பார். பால் உள்ளே இறங்கி, நுரை அடங்கி, ஈரம் காயும்வரை நிற்பார். வேலைக்குப் போய்விட்டு வந்த கால் கெஞ்சும், கீழே எறும்பு கொட்டும், நானும் நிற்பேன்.

எனக்குக் குழந்தை இல்லை. அதற்குத்தான் இந்தப் பால். கல்யாணமான புதிதில் ஒன்று தங்கிக் கொஞ்ச நாளிலேயே கரைந்து போனது. அடுத்தது கைகால் எல்லாம் வளர்ந்த பிறகு போனது. அதன்பிறகு ஒன்றும் இல்லை. டாக்டர் இருவரையும் பரிசோதித்துவிட்டு, இரண்டு பேருக்கும் குறையில்லை என்றார். குறை இருந்தால் வைத்தியம் பார்க்கலாம். குறையே இல்லாத இடத்தில் எதைச் சரி செய்வது? நாங்கள் வீட்டுக்கு வந்து சாப்பிட்டுப் படுத்தோம்.

அத்தை ஒரு நாளும் என்னைத் திட்டியதில்லை. திட்டியிருந்தால் நானும் திருப்பித் திட்டியிருப்பேன், என் வாய் அப்படிப்பட்டதுதான். அவர் அன்பாக இருந்தார். அன்பாக இருப்பவரிடம் எப்படிச் சண்டை போடுவது என்று எனக்குத் தெரியவில்லை. அவருக்குக் கல்யாணமாகிப் பல வருஷம் குழந்தையில்லையாம். ஒரு நாள் பட்டப்பகலில் பாம்பு புற்றைவிட்டு வெளியே வந்து அவர் முன்னால் படம் எடுத்து நின்றதாம். அடுத்த வருஷம் என் கணவர் பிறந்தார். பகலில் வெளியே வந்து காட்சி கொடுத்தால் நிச்சயம் என்பது அத்தையின் கணக்கு. அவர் பார்த்ததை நான் இல்லையென்று சொல்ல முடியுமா? ஒரே பிள்ளை, எதிரில் உட்கார்ந்து சோறு சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார்.

போன வருஷம் ஆடி பிறந்ததும் அத்தை ஒரு ஏற்பாடு செய்தார். கடைசி வெள்ளியன்று லயத்துப் பெண்கள் எல்லாரும் ஆளுக்கொரு குடம் பால் எடுத்துப் புற்றுக்கு ஊற்றுவது. எனக்காக. முதல் குடம் என்னுடையது. என்னிடம் கேட்கவில்லை, சொன்னார், அதுவும் அத்தனை சந்தோஷத்தோடு. லயமே கூடி நின்று என் வயிற்றைப் பார்க்கப் போகிறது, அடுத்த மாதமும், அதற்கடுத்த மாதமும் பார்க்கப் போகிறது. சலித்துவிட்டது எனக்கு. வேண்டுதலும் சலித்துவிட்டது, நம்புவதும் சலித்துவிட்டது. அந்தக் கடைசி வெள்ளிக்குள் அத்தையிடம் "போதும்" என்ற ஒரு வார்த்தையைச் சொல்லிவிட வேண்டும் என்று தினமும் பஸ்ஸில் நினைத்துக்கொண்டு வருவேன். வீட்டில் இறங்கியதும் அவர் முகத்தைப் பார்ப்பேன். வார்த்தை வராது.

அந்த நாள்களில்தான் அசாம் ஜாவா அக்கா ஒரு கதை சொன்னாள். அவள் வீட்டுக் கோழிக்கூண்டுக்குப் பின்னால் ஒரு மலைப்பாம்பு கோழியை விழுங்கிவிட்டு நகர முடியாமல் படுத்துவிட்டதாம். ஆள்கள் வந்து பிடிப்பதற்குள் எறும்பு பிடித்துவிட்டது. கண், வாய், செதில் இடுக்கு என்று எறும்பு நுழையாத இடமில்லையாம். அத்தனை பெரிய பாம்பு புரண்டு புரண்டு அடங்கிப் போனதாம். மலைப்பாம்புக்கு எறும்பென்றால் பயம் என்றாள், தின்னப் போகும் முன்னால் சுற்றிப் பார்த்துவிட்டுத்தான் தின்னும் என்று அவள் கம்பத்து, அதாவது கிராமத்துப் பெரியவர்கள் சொல்வார்களாம். எனக்குச் சிரிப்பு வந்தது. பாம்பு எறும்புக்குப் பயப்படுமா என்று நினைத்தேன். எனக்கு அப்போது பாம்பென்றால் அம்மன்தான்.

ஆடி முடிய இன்னும் இரண்டு வெள்ளி இருந்தது. அதில் முதல் வெள்ளியன்று அத்தைக்கு மூட்டு வலி. "நீயே போயி ஊத்திட்டு வந்துடும்மா" என்று சொம்பைக் கொடுத்தார். வெயில் இன்னும் தாழவில்லை. தனியாகப் போவதில் எனக்கு ஒரு நிம்மதி. ஊற்றிவிட்டு நிற்காமல் திரும்பிவிடலாம்.

செருப்பைக் கழற்றிவிட்டு நிமிர்ந்தபோது பாம்பைப் பார்த்தேன்.

சிமெண்டுத் தரையில் வெளியே கிடந்தது. கருநாகம். என் கை நீளத்தைவிட நல்ல நீளம், கன்னங்கரேலென்று. இத்தனை வருஷமாக நான் பார்த்ததெல்லாம் ஒரு ஓட்டைதான். உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. பகல். வெளியே வந்துவிட்டது. அத்தை சொன்னது அப்படியே நடக்கிறது. எதையும் நம்பாமல் சலித்துக் கிடந்தவள், அந்த ஒரு நொடியில் எல்லாவற்றையும் நம்பினேன். என் கை தானாக வயிற்றுக்குப் போனது.

பிறகுதான் அது செய்வதைக் கவனித்தேன். தலையைச் சிமெண்டில் வைத்துத் தேய்த்துக்கொண்டிருந்தது. ஒரு பக்கம் தேய்க்கும், திருப்பி மறுபக்கம் தேய்க்கும். வாலைத் தூக்கி அடித்தது. உடம்பு அங்கங்கே துடித்தது. செதில்மேல் செம்மண் பூசியதுபோல இருந்தது, அந்தச் செம்மண் நகர்ந்தது. கண்ணைச் சுற்றி, வாயோரம், கழுத்துக்கடியில், எங்கும் சுள்ளெறும்பு. திடீரென்று எழுந்து படம் எடுத்தது. எனக்கு உயிரே போய்விட்டது. ஆனால் அது என்னைப் பார்க்கவில்லை. எதிரில் ஒன்றுமே இல்லாத வெளியைப் பார்த்துச் சீறி விஷத்தைப் பீய்ச்சியது. மறுபடி பீய்ச்சியது. வெறும் தரையைக் கொத்தியது. ஒரு ஆளைக் கொல்லும் விஷம் வைத்திருக்கிறது, எறும்பிடம் அது எதற்கும் உதவவில்லை. படம் சுருங்கித் தலை கீழே விழுந்தது. பிறகு தரையைவிட்டு இறங்கி, புல்லுக்குள் கோணல்மாணலாக இழுத்துக்கொண்டு போய், மரங்களுக்கு நடுவே ஓடும் கானில், தண்ணீர் வாய்க்காலில் விழுந்தது. தண்ணீர் ஒருமுறை கலங்கியது. அப்புறம் நான் பார்க்கவில்லை.

கிட்டே போனேன். போகாமல் வீட்டுக்கு ஓடியிருக்கலாம். புற்றின் அடியில் ஒரு பக்கம் மண் சரிந்து, உள்ளே முட்டைகள் தெரிந்தன. பாம்பு முட்டை, நீளவாக்கில், தோல் மாதிரி. எல்லாம் கிழிந்து, உள்ளே எறும்பு நிரம்பியிருந்தது. ஒன்றிலிருந்து சின்னத் தலை வெளியே வந்து அப்படியே நின்றிருந்தது. அதன் கண்ணை எறும்பு ஏற்கெனவே எடுத்துவிட்டிருந்தது. எறும்பு வரிசை சிமெண்டுத் தரையிலிருந்து கிளம்பி, நாங்கள் பால் ஊற்றும் புற்றின் வாய் வழியாக, முட்டைவரை போனது. நடுவில் எங்குமே தடையில்லை. எங்கள் டின் பால் காய்ந்த தடம்தான் அதற்குப் பாதை.

பாம்பு முன்பே ஓடியிருக்கலாம். முட்டையைவிட்டுப் போக மனசில்லாமல் கடைசிவரை உள்ளே கிடந்திருக்கும் என்று நான் நினைத்துக்கொள்கிறேன். பாம்புக்கு மனசு உண்டா என்று எனக்குத் தெரியாது. யாரிடம் பிள்ளை கேட்டு வருஷக்கணக்காகப் பால் ஊற்றினோமோ, அவள் பிள்ளைகளை அந்தப் பால் தின்றுவிட்டது. அங்கேயே உட்கார்ந்து அழுதேன். எறும்பு என் மீதும் ஏறிக் கொட்டியது. உதறவில்லை.

சொம்பில் பால் அப்படியே இருந்தது. எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். அத்தை அடுப்படியில் உட்கார்ந்து காங்கோங் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"என்னாம்மா, பாலு அப்படியே இருக்கு?"

"பாம்பு வெளிய வந்துச்சு அத்தை."

அவர் கையிலிருந்த கீரை கீழே விழுந்தது. "பாத்தியா? கண்ணால பாத்தியா? வெளிச்சத்துலயா?" மூட்டு வலி எங்கே போனதென்று தெரியவில்லை, எழுந்து வந்து என் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். கண்ணில் தண்ணீர். "என் வயித்துல பால வார்த்த தாயி." நான் வாய் திறப்பதற்குள் வாசலுக்குப் போய்ப் பக்கத்து வீட்டைக் கூப்பிட்டு, "என் மருமவ பாத்துட்டா! அம்மா காட்சி குடுத்துட்டா!" என்று சத்தம் போட்டார்.

எத்தனை நாளாக அந்த ஒரு வார்த்தையைச் சொல்லக் காத்திருந்தேன். இப்படியா வாய்க்க வேண்டும்? எனக்கு அந்த நேரத்தில் யார் மீதென்று இல்லாமல் கோபம் வந்தது.

"அத்தை, உள்ள வாங்க. முழுசாக் கேளுங்க. அது நமக்குக் காட்சி குடுக்க வரல. எறும்புக் கடி தாங்காம வெளிய வந்துச்சு. முட்டை போட்டு வச்சிருந்துச்சு. எல்லாத்தையும் எறும்பு தின்னுடுச்சு."

"சாமிய எறும்பு கடிக்குமா? என்னா பேச்சு பேசுற நீ?" அவர் என்னிடம் குரலை உயர்த்தியது அதுதான் முதல்முறை.

"நம்மளக் கடிக்குதில்ல? நமக்கு வலிச்சா அதுக்கு வலிக்காதா? சீனிப் பாலை ஊத்தி எறும்பை வளத்தது நாமதான் அத்தை. போதும். எனக்கு இது போதும்."

சொல்லிவிட்டேன். அத்தை செருப்பை மாட்டிக்கொண்டு பின்பக்கமாக நடந்தார். நான் பின்னால் போனேன். கோயில் தரைக்கு வந்ததும் வழக்கம்போலச் செருப்பைக் கழற்றி ஒரு கால் வைத்தார். எறும்பு உடனே கொட்டியது. காலைப் பின்னுக்கு எடுத்தார். கொஞ்ச நேரம் புற்றையே பார்த்தார். பிறகு செருப்பைத் திரும்ப மாட்டிக்கொண்டு உள்ளே போனார். அந்த இடத்தில் சின்னப் பிள்ளைகளைக்கூடச் செருப்புக் காலோடு விடாதவர் அவர்.

குனிந்து பார்த்தார். கீழே கிடந்த ஒரு ஈர்க்கை எடுத்து முட்டைத் தோலைப் புரட்டினார். அந்தச் சின்னத் தலையைப் பார்த்ததும் கை நின்றுவிட்டது.

"முழுசா வளந்துடுச்சே" என்றார்.

இரண்டாவது தடவை ஆஸ்பத்திரியில் என்னிடமிருந்து எடுத்துக் காட்டியபோதும் அவர் இதைத்தான் சொன்னார். இதே குரலில். நான் அதை மறந்துவிட்டதாக நினைத்திருந்தேன்.

திரும்பி வரும்போது, "பால நாந்தான ஊத்துனேன்" என்று மட்டும் சொன்னார். என்னிடம் சொன்னாரா, தனக்கே சொன்னாரா என்று தெரியவில்லை. நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். மூட்டு வலி திரும்பியிருந்தது. மெதுவாகத்தான் நடக்க முடிந்தது.

என் கணவர் வந்ததும் சொன்னேன். சோற்றைப் பிசைந்துகொண்டே முழுவதையும் கேட்டார். "பாவம் லா" என்றார். மறுநாள் காலையில் அத்தையே தொட்டிக்கு அடியிலிருந்து அந்தத் துருப்பிடித்த டப்பாவை எடுத்து மகனிடம் கொடுத்தார். அவர் தரையைக் கழுவித் தேய்த்து, ஓரமெல்லாம் பவுடர் தூவிவிட்டு வந்தார். லயத்தில் ஒவ்வொரு வீடாக அத்தை நடந்துபோய், குடம் கிடையாது, புற்றுக்கு இனிமேல் பால் வேண்டாம், மஞ்சள் தண்ணீர் தெளித்தால் போதும் என்று சொல்லிவிட்டு வந்தார். ஒருசிலர் முணுமுணுத்தார்கள். காட்சி கிடைத்த பிறகு யாராவது நிறுத்துவார்களா என்று கேட்டார்களாம். அந்த வாரம் முழுவதும் அத்தை யாரிடமும் அதிகம் பேசவில்லை. என்னிடமும்தான். என்மீது கோபமோ என்று இருந்தது. கேட்கப் பயம். கேட்டு அவர் ஆமாம் என்று சொன்னால் தாங்கும் தெம்பு எனக்கில்லை.

பாம்பை அதன்பிறகு நான் பார்க்கவில்லை. கான் தண்ணீர் அதைக் காப்பாற்றியிருக்கும் என்று வைத்துக்கொண்டிருக்கிறேன்.

அடுத்த வெள்ளியும் வந்தது. பஸ்ஸில் வழக்கம்போலக் கால் அரித்தது. வீட்டுக்கு வந்து பையை வைத்துவிட்டுப் பார்த்தால், அடுப்பில் வெந்நீர் கொதிக்கிறது, மேசைமேல் டின் பால் திறந்திருக்கிறது. மறுபடியுமா என்று நினைத்தேன். அப்படியே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன். சண்டை போடக்கூட என்னால் முடியவில்லை.

"காலக் காட்டு" என்றார் அத்தை.

காட்டினேன். பழைய கொப்புளம், புதுக் கொப்புளம், ஆறிக் கறுத்த தழும்பு எல்லாவற்றையும் குனிந்து பார்த்தார். இத்தனை வருஷத்தில் அவர் என் காலைப் பார்த்தது அன்றுதான்.

நிமிர்ந்து, கலக்கிய பாலை என் தேத்தண்ணிக் கப்பில் ஊற்றினார். சொம்பில் ஊற்றவில்லை. கப்பை என் முன்னால் நகர்த்தினார்.

"குடி."

"எதுக்கு அத்தை?"

"எதுக்குன்னா? விடியறதுக்கு முன்ன போயி ஒழைச்சிட்டு வர்ற. ஒரு வாய் பாலு குடிக்கக் கூடாதா?" டின்னை எடுத்துப் பார்த்தார். "இத்தன வருஷமா எங்கயோ கொண்டுபோயி ஊத்திட்டேன். வீட்டுல இருக்கற புள்ளைக்கு ஒரு நாளு கலக்கிக் குடுக்கல."

நான் குடித்தேன். சீனி அதிகம்தான், தொண்டையெல்லாம் ஒட்டியது. அத்தை எதிரில் உட்கார்ந்து, கப் காலியாகும்வரை பார்த்துக்கொண்டே இருந்தார்.